வெட்டாமல் விட்ட காட்சி: ஒரு சுயாதீனப் படத்தொகுப்பாளரின் பாதையும் நம் வரலாறும்



நினைவுச் சொற்பொழிவு என்றால் வழக்கமாக ஒரு தலைவரைப் பற்றியோ ஒரு நூலைப் பற்றியோ பேசுவோம். இந்த ஆண்டு ஒரு தொழிலைப் பற்றிப் பேச வந்திருக்கிறோம். படத்தொகுப்பு, அதாவது எடிட்டிங். நடிகரைத் தெரியும், இயக்குநரைத் தெரியும், இசையமைப்பாளரைத் தெரியும். எடிட்டர் பெயர் திரையில் வரும்போது நாம் இருட்டில் இருக்கை தேடிக்கொண்டிருப்போம்.

ஆரப்பாளையத்தில் இதைப் பேசுவதற்கு ஒரு காரணம் உண்டு. தொண்ணூறுகளின் கடைசியில் நாங்கள் கல்லூரி மாணவர்கள். ஒரு டி.வி.யையும் ஒரு டெக்கையும் வாடகைக்கு எடுத்து, போர்வையில் சுற்றி மடியில் வைத்துக்கொண்டு, இந்தப் பேருந்து நிலையத்தில்தான் உசிலம்பட்டிக்கும் தேனிக்கும் வண்டி ஏறினோம். சேரியில் ஒரு வீட்டுத் திண்ணையில் டி.வி.யை வைத்து ஆவணப்படம் போடுவோம். படம் முடிந்ததும் ஆட்கள் கேட்பார்கள்: “இதை யாருப்பா எடுத்தது?” யார் வெட்டியது என்று ஒருவரும் கேட்டதில்லை. நாங்களும் கேட்டதில்லை. எடுத்ததில் பத்தில் ஒரு பங்குதான் அந்தத் திரைக்கு வந்திருக்கும், மீதியை யாரோ ஒருவர் வேண்டாம் என்று ஒதுக்கியிருப்பார் என்பது அப்போது எங்கள் புத்தியில் உறைக்கவில்லை.

இன்று நாங்கள் மையமாக எடுத்துக்கொள்வது மதுரையைச் சேர்ந்த ஆவணப்பட இயக்குநர் ஆர்.பி. அமுதனின் பாதையை. அவரை எடிட்டர் என்று யாரும் அறிமுகப்படுத்துவதில்லை. ஆனால் தன் படங்களுக்குப் பெரும்பாலும் அவரே கேமரா பிடித்து, அவரே தொகுத்து, அவரே பையில் போட்டுக் கொண்டுபோய்த் திரையிட்டவர். இயக்குநர் என்ற சொல்லுக்குப் பின்னால் இருக்கும் அந்தத் தொகுப்பு வேலையைத்தான் இங்கே பார்க்கப் போகிறோம். அதற்கு முன்னால், அந்த வேலை எங்கே பூட்டி வைக்கப்பட்டிருந்தது என்பதைப் பார்க்க வேண்டும்.

35 எம்.எம். படச்சுருளில் ஒரு அடிக்கு 16 சட்டங்கள். ஒரு நொடிக்கு 24 சட்டங்கள் ஓடும். ஆக ஒரு நொடி என்பது ஒன்றரை அடி. ஆயிரம் அடிச் சுருள் பதினொரு நிமிடத்துக்குச் சற்றுக் கூடுதலாகத்தான் ஓடும். இதை மூவியோலாவிலும் பிறகு ஸ்டீன்பெக் மேசையிலும் ஓட்டிப் பார்த்து, வெட்டி, ஒட்டி, துண்டுகளைக் கொடியில் துணி காயப்போடுவது போலத் தொங்கவிட்டு வேலை செய்தார்கள். அந்த மேசைகள் கோடம்பாக்கத்திலும் வடபழனியிலும் இருந்தன. மதுரையில் தெருவுக்குத் தெரு தியேட்டர் இருந்தது. தங்கம் தியேட்டர் ஆசியாவிலேயே பெரியது என்று சொல்லிச் சொல்லி வளர்ந்த ஊர் இது. பார்ப்பதற்கு இங்கே ஆயிரக்கணக்கில் இருக்கை, வெட்டுவதற்கு ஒரு மேசைகூடக் கிடையாது. கோடம்பாக்கத்து அறைக்குள் நுழைய உதவியாளராக யாரிடமாவது சேர வேண்டும். சேர்வதற்கு யாரையாவது தெரிந்திருக்க வேண்டும். சமூகவியல் படித்தவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. ‘தெரிந்தவர்’ என்கிற சொல்லுக்குள்ளே சாதி எவ்வளவு வசதியாக உட்கார்ந்திருக்கும் என்று நமக்குத் தெரியும்.

அந்த அறையிலிருந்தும் ஒருவர் வெளியே வந்தார். பி. லெனின். அவருடைய தந்தை பீம்சிங், கிருஷ்ணன்-பஞ்சுவிடம் உதவித் தொகுப்பாளராக இருந்து இயக்குநரானவர். லெனின், வி.டி. விஜயனோடு சேர்ந்து ‘நாயகன்’ (1987) தொகுத்தார். ‘காதலன்’ (1994) படத்துக்கு இருவரும் தேசிய விருது பெற்றார்கள். வணிகப் படத்தின் வேகத்தைத் தீர்மானித்த கைகளில் அவருடையதும் ஒன்று. அதே ஆள் 1992-இல் ‘நாக்-அவுட்’ என்ற குறும்படத்தை எடுத்தார். குத்துச்சண்டை வீரனாக இருந்த ஒருவனின் பிணமும் அதைப் புதைக்கிற வெட்டியானும்தான் கதை. பிறகு ஜெயகாந்தனின் ‘ஊருக்கு நூறு பேர்’ நாவலைப் படமாக்கி 2001-ஆம் ஆண்டுக்கான சிறந்த இயக்குநர் தேசிய விருதையும் பெற்றார். கோடம்பாக்கம் சோறு போட, தன் படத்தைத் தன் செலவில் செய்வது என்பது ஒரு வழி. அதில் குறை சொல்ல ஏதுமில்லை. ஆனால் அந்த வழியில் போக முதலில் கோடம்பாக்கத்துக்குள் இருந்தாக வேண்டும்.

நம் இலக்கியத்தின் கதை இதற்கு நேர் எதிர். பாமாவின் ‘கருக்கு’ 1992-இல் இதே மதுரையில் ஐடியாஸ் மையத்தின் வெளியீடாகத்தான் வந்தது. ஒரு நோட்டு, ஒரு பேனா, துணிந்து அச்சிட ஒரு சிறு அமைப்பு இருந்தால் ஒரு தலித் பெண்ணின் வாழ்க்கை புத்தகமாகிவிடும். படத்துக்கு எந்திரம் வேண்டும். எந்திரம் யாருடையதோ, கடைசி முடிவும் அவருடையது. அம்பேத்கர் நூற்றாண்டை ஒட்டி எழுந்த எழுத்தலை கவிதை, தன்வரலாறு, நாவல் எனப் பெருகியபோது, படம் மட்டும் பத்து ஆண்டு பின்தங்கி வந்ததற்கு இதுதான் காரணம் என்பது எங்கள் கருத்து.

வீடியோ வந்தது, ஆனால் உடனே விடுதலை வந்துவிடவில்லை. தொண்ணூறுகளின் நாடா எடிட்டிங்கில் இரண்டு டெக்குகள். ஒன்றில் ஓட்டி மற்றொன்றில் பதிவு செய்ய வேண்டும். பத்தாவது நிமிடத்தில் ஒரு காட்சியைக் கூடுதலாகச் சொருக வேண்டுமென்றால், அதற்குப் பின்னால் உள்ள அத்தனையையும் மறுபடி பதிய வேண்டும். ஒவ்வொரு நகலுக்கும் படம் மங்கும். முகம் கரைந்து நிறம் வழியும். இந்த டெக்குகள் மதுரையில் இருந்த இடம் கல்யாண வீடியோ ஸ்டுடியோக்கள். முகூர்த்தம் இல்லாத மாதங்களில், இரவில், குறைந்த வாடகைக்கு விடுவார்கள்.

நாங்களும் ஒரு படத்தை அப்படித் தொடங்கினோம். பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலத்தில் தலித்துகளுக்கு ஒதுக்கப்பட்ட ஊராட்சித் தலைவர் பதவிக்குத் தேர்தலையே நடத்த விடாத காலம் அது. 1996-இல் தொடங்கி 2006 வரை பத்து ஆண்டுகள் அப்படிப் போயின. அந்தச் சுற்றுவட்டாரத்தில் ஹை-8 கேமராவில் சிலருடைய பேச்சைப் பதிவு செய்துகொண்டு வந்தோம். ஸ்டுடியோவில் இரண்டு இரவு உட்கார்ந்தோம். மூன்றாம் நாள் உரிமையாளர் டீ வாங்கிக் கொடுத்துவிட்டுச் சொன்னார்: “தம்பி, தப்பா நெனைக்காதீங்க. எல்லா ஆளுகளும் வந்து போற கடை. வேற எடம் பாத்துக்கங்க.” அவர் மேல் எங்களுக்குக் கோபமில்லை. அந்தக் கடையை நம்பி ஒரு குடும்பம் இருந்தது. வேறு இடம் கிடைக்கவில்லை. படம் முடியவில்லை.

இப்போது அந்தக் காலத்தைக் கொஞ்சம் நினைவுபடுத்துகிறோம். மாணவர்கள் பலர் அப்போது பிறந்திருக்க மாட்டீர்கள். 1997 ஏப்ரலில் மதுரை வில்லாபுரத்தில் மாமன்ற உறுப்பினர் லீலாவதி வெட்டிக் கொல்லப்பட்டார். ஜூன் 30-ஆம் தேதி மேலவளவு ஊராட்சித் தலைவர் முருகேசனும் மற்ற ஐந்து பேரும் பேருந்தை மறித்துக் கொல்லப்பட்டார்கள். பதினோரு நாள் கழித்து, ஜூலை 11-ஆம் தேதி, மும்பை ரமாபாய் நகரில் அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை போட்டதை எதிர்த்துத் திரண்ட மக்கள் மீது காவல்துறை சுட்டதில் பத்து பேர் இறந்தார்கள். 1999 ஜூலை 23-ஆம் தேதி திருநெல்வேலியில் மாஞ்சோலைத் தோட்டத் தொழிலாளருக்காக நடந்த பேரணியைத் தடியால் அடித்துத் தாமிரபரணிக்குள் தள்ளியதில் ஒன்றரை வயதுக் குழந்தை உட்படப் பதினேழு பேர் இறந்தார்கள்.

மேலவளவில் கேமரா இல்லை. உயிர் தப்பியவர்களின் வாய்ச்சொல்லும் நீதிமன்றத் தாள்களும்தான் இருந்தன. தாமிரபரணியில் கேமராக்கள் இருந்தன. ஆற்றுக்குள் நிற்பவர்களை நோக்கிக் கல் பறப்பதும், கரையேற வந்தவர்கள் அடிபடுவதும் நாடாவில் பதிந்தன. அந்தக் காட்சிகளைக் கொண்டு ஆர்.ஆர். சீனிவாசன் ‘நதியின் மரணம்’ என்ற ஆவணப்படத்தைச் செய்தார். விசாரித்த நீதிபதி மோகன் ஆணையத்தின் அறிக்கை காவல்துறைக்குச் சாதகமாகவே அமைந்தது. ஆனால் படம் பார்த்த எவரிடமும் அந்த அறிக்கையைச் செலாவணியாக்க முடியவில்லை.

ரமாபாய் நகரில் நடந்தது நம் பேச்சுக்கு இன்னும் நெருக்கமானது. கூட்டம் எரிவாயு டேங்கர்களுக்குத் தீ வைக்கப் பார்த்தது, அதனால் சுட்டோம் என்பது காவல் தரப்பின் வாதம். அதற்கு ஆதரவாக ஒரு வீடியோவும் காட்டப்பட்டது. துப்பாக்கிச்சூட்டுக்குச் சில நாட்களில், தலித் பாடகர் விலாஸ் கோக்ரே தூக்கிட்டு இறந்தார். ஆனந்த் பட்வர்தன் அங்கே தொடங்கிய படத்தைப் பதினான்கு ஆண்டுகள் எடுத்து, தானே தொகுத்து, 2011-இல் ‘ஜெய் பீம் காம்ரேட்’ என்று முடித்தார். மூன்று மணி நேரத்துக்கும் மேல் ஓடுகிற படம். அதில் காவல் தரப்பின் வாதத்தையும் அந்த வீடியோவையும் உள்ளே கொண்டுவந்து வைத்து, எது முன்னால் நடந்தது, எது பின்னால் நடந்தது என்று கேட்கிறார். முழுக்க முழுக்க எடிட்டரின் கேள்வி அது. இரண்டு காட்சிகளின் வரிசையை மாற்றினால் சுட்டவன் காப்பாற்றியவனாகிவிடுவான். செத்தவன் தீ வைத்தவனாகிவிடுவான்.

இதற்கு ஒரு மூத்த முன்னோடி உண்டு. சோவியத் ரஷ்யாவின் எஸ்ஃபிர் ஷூப். வெளிநாட்டுப் படங்களைச் சோவியத் திரைக்கு ஏற்றபடி மறுபடி வெட்டித் தருகிற வேலையில் தொடங்கிய பெண். 1927-இல் ‘ரொமனோவ் வம்சத்தின் வீழ்ச்சி’ செய்தபோது அவர் பெரிதும் நம்பியது பழைய செய்திப்படங்களையும், ஜார் மன்னரின் அரண்மனைக்காரர்கள் மன்னரின் பெருமைக்காக எடுத்து வைத்திருந்த சுருள்களையும்தான். அதே சுருளை வேறு வரிசையில் வைத்ததும் பெருமை குற்றப்பத்திரிகையானது. ஆண்டையின் கேமராவில் பதிந்ததையும் நம் மேசையில் வைத்துப் படிக்கலாம் என்பதற்கு அவர் சாட்சி.

அமுதனிடம் வருவோம். தொண்ணூறுகளின் பிற்பகுதியில் படம் செய்யத் தொடங்கினார். லீலாவதியைப் பற்றிய ஆவணப்படம் அவருடைய தொடக்க காலப் படைப்பு. 1998 முதல் மதுரையில் ஆவணப்பட, குறும்படத் திருவிழாவை நடத்தினார். ‘மறுபக்கம்’ அமைப்பு அதிலிருந்து வளர்ந்தது. எங்களைப் போன்றவர்கள் இரான் படத்தையும் வடகிழக்கு இந்தியப் படத்தையும் முதன்முதலில் பார்த்தது அப்படிப்பட்ட பிளாஸ்டிக் நாற்காலி அரங்குகளில்தான். ஒரு படத்தொகுப்பாளனுக்கு அது பள்ளிக்கூடம் என்பது இப்போது புரிகிறது. பார்வையாளர் எந்த இடத்தில் இருமுகிறார், எந்த இடத்தில் செல்போனை எடுக்கிறார் என்று பின்வரிசையில் நின்று பார்த்தவருக்கு அடுத்த படத்தை எங்கே வெட்டுவது என்று தெரியும்.

இந்தக் கட்டத்தில் எந்திரமும் மாறியது. மினி டி.வி. கேமராவும், கேபிள் வழியாகக் கம்ப்யூட்டரில் காட்சியை இறக்கித் தொகுக்கும் மென்பொருளும் வந்தன. ஒரு மணி நேர நாடாவை இறக்கினால் ஹார்ட் டிஸ்க்கில் 13 ஜி.பி. போய்விடும். அன்றைக்குச் சாதாரண கம்ப்யூட்டரில் இருந்ததே 20, 40 ஜி.பி.தான். இரண்டு நாடா இறக்கி, வேண்டியதை எடுத்துக்கொண்டு, அழித்து, அடுத்த இரண்டை இறக்குவோம். சிரமம்தான். ஆனாலும் கல்யாண ஸ்டுடியோ உரிமையாளரிடம் போய் நிற்க வேண்டியதில்லை. வீட்டு அறையில் கதவைச் சாத்திக்கொண்டு ஒரு வெட்டை நூறு முறை மாற்றிப் பார்க்கலாம், படம் மங்காது. ‘சுயாதீனம்’ என்று நாம் பெரிதாகச் சொல்கிற சொல்லுக்கு அடியில் இருந்தது இந்தக் கேபிளும் ஹார்ட் டிஸ்க்கும்தான்.

2003-இல் ‘பீ’ வந்தது. மதுரையில் ஒரு தெரு. அங்கே நாள்தோறும் மனித மலத்தைக் கூட்டி அள்ளுகிற ஒரு பெண் தூய்மைப் பணியாளர். படம் அரை மணி நேரம்கூட இல்லை. அந்த வேலையை விட்டுக் கேமரா அங்கே இங்கே போவதில்லை. கையால் மலம் அள்ள வைப்பதைத் தடைசெய்யும் சட்டம் வந்து அப்போது பத்து ஆண்டு ஆகியிருந்தது. வேறொருவர் கையில் இந்தப் படம் என்னவாகியிருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். 1993 சட்டத்தைப் பற்றி ஒரு வழக்கறிஞர் பேசுவார். ஒரு பேராசிரியர் பேசுவார். ஒரு அதிகாரி மறுப்பார். நடுநடுவே அந்தப் பெண் ஐந்து ஐந்து நொடி வந்து போவார், சோகமான வயலின் இசையோடு. பார்ப்பவர் “ஐயோ பாவம்” என்று சொல்லிவிட்டுச் சாப்பிடப் போகலாம்.

அமுதன் அந்த வெளியேறும் வாசலை அடைத்துவிட்டார். துடைப்பம் உராய்கிற சத்தம் நீள்கிறது. இதோ வெட்டிவிடுவார், அடுத்த காட்சிக்குப் போய்விடுவார் என்று நாம் எதிர்பார்க்கிற நொடியைத் தாண்டியும் போகிறது. திரையில் நாற்றத்தைக் காட்ட முடியாது. நேரத்தைக் காட்டலாம். அந்த வேலை எவ்வளவு நேரம் பிடிக்கிறதோ அதில் ஒரு சிறு பங்கையாவது பார்வையாளரும் உட்கார்ந்து கழிக்க வேண்டும் என்கிற முடிவு கேமராவில் எடுக்கப்படுவதில்லை, மேசையில் எடுக்கப்படுவது. நாங்கள் ஒருமுறை கல்லூரி ஒன்றில் இதைத் திரையிட்டபோது ஏழாவது எட்டாவது நிமிடத்தில் ஆட்கள் எழுந்து போனார்கள். எழுந்து போக முடிந்தவர்கள் யார் என்பதைப் பற்றித்தான் பிறகு கலந்துரையாடல் நடந்தது.

மயானத் தொழிலாளர்களைப் பற்றிய ‘மயானக் குறிப்புகள்’ 2005-இலும், திருச்சியில் செருப்புத் தைக்கும் அருந்ததியர் கிறித்தவர்களைப் பற்றிய ‘செருப்பு’ 2006-இலும் வந்தன. மூன்றையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். மலம், பிணம், தோல் என்று சாதி ஒதுக்கி வைத்த மூன்று பொருட்களிலும் புழங்குகிற கைகளை இவை தொடர்கின்றன. இடையில் ஒரு சிறு இசைக்காணொளியும் செய்தார். நாடே சேர்ந்து பாடிய ஏ.ஆர். ரஹ்மானின் ‘வந்தே மாதரம்’ பாட்டை வைத்து, அதன் மேல் மலம் அள்ளுகிற காட்சிகளை அடுக்கினார். புதிதாக ஒரு வார்த்தை எழுதவில்லை, ஒருவரையும் பேட்டி எடுக்கவில்லை. இந்தச் சத்தத்துக்கு இந்தப் படம், அவ்வளவுதான். தாய்மண்ணை வணங்குகிற குரலும் அந்த மண்ணைக் கூட்டுகிற கையும் ஒரே சட்டத்தில் வந்து நின்றன. பின்னாளில் அணுக்கதிர்வீச்சு பற்றிய தொடர்படங்களும் திருப்பூர் பற்றிய ‘டாலர் சிட்டி’யும் வந்தன. அவற்றை இங்கே விரித்துப் பேச நேரமில்லை.

அதே காலத்தில் மதுரையை உலகுக்குச் சொன்ன படங்கள் வேறு. ‘பருத்திவீரன்’ (2007) படத்தொகுப்புக்காக ராஜா முகமதுவுக்குத் தேசிய விருது கிடைத்தது. அந்தத் தகுதியில் எங்களுக்குச் சந்தேகமில்லை. அவ்வளவு திறமையான வெட்டு. ஆனால் குறவர் சாதித் தாய்க்குப் பிறந்தவன் என்பதுதான் அந்தக் கதையின் முடிச்சு என்பதை எத்தனை பேர் நினைவில் வைத்திருக்கிறோம்? திருவிழாவும் அரிவாளும் அவ்வளவு வேகமாக ஓடுகின்றன. சாதி அங்கே மறைக்கப்படவில்லை, வேகத்தில் கடந்துவிடுகிறது. அதற்குப் பிறகு செல்வா ஆர்.கே. தொகுத்த ‘பரியேறும் பெருமாள்’ (2018) வந்தபோது, கடைசியில் மேசை மேல் இருக்கும் இரண்டு தேநீர்க் குவளைகளில் திரை நின்றதே, ஞாபகம் இருக்கிறதா? வணிகப் படத்தில் அப்படி நிற்கலாம் என்று தமிழ்ப் பார்வையாளரைப் பழக்கியதில், டி.வி.யும் டெக்குமாக ஓடிய சின்னப் படங்களுக்கும் பங்குண்டு என்று நாங்கள் நம்புகிறோம். நிரூபிக்க முடியாது. நம்புகிறோம்.

ஒரு கசப்பையும் சொல்லியாக வேண்டும். இந்தப் பாதையைத் தொழில் என்று சொல்லலாமா? விருது வரும், வெளிநாட்டு விழா வரும், மாத வாடகை வராது. ஆவணப்படத்துக்குத் தியேட்டர் இல்லை, தொலைக்காட்சி வாங்காது. தணிக்கைச் சான்றிதழ் இருக்கிறதா என்று கேட்டுத் திரையிடலை நிறுத்தக் காவல்துறை மட்டும் வரும். 2017-இல் திவ்யபாரதியின் ‘கக்கூஸ்’ படத்துக்கு என்ன நடந்தது என்று உங்களுக்குத் தெரியும். அரங்கங்கள் மறுக்கப்பட்டு, கடைசியில் யூடியூபில்தான் அது மக்களிடம் போனது. கேரளத்தில் ஜான் ஆபிரகாமின் ஒடெஸா குழு ஊர் ஊராகப் பறையடித்துக் காசு திரட்டி ‘அம்ம அறியான்’ (1986) எடுத்தது. அதைத் தொகுத்தவர் பீனா பால். மக்களே தயாரிப்பாளர் என்ற அந்த ஏற்பாட்டை நம் அமைப்புகள் மேடையில் புகழ்ந்ததோடு சரி.

நம்மிடம் பேச்சாளர்களுக்குப் பஞ்சமில்லை. கவிஞர்கள் இருக்கிறார்கள், கேமரா ஒவ்வொருவர் சட்டைப்பையிலும் இருக்கிறது. எடிட்டிங் தெரிந்த நம் பிள்ளைகள் நூற்றுக்கணக்கில் இருக்கிறார்கள். கல்யாண வீடியோ வெட்டுகிறார்கள், தலைவர்களின் கார் வரிசைக்குப் பாட்டுப் போட்டு முப்பது நொடி ஸ்டேட்டஸ் செய்கிறார்கள். வன்கொடுமை நடந்த ஊருக்கு உண்மை அறியும் குழு போகும்போது அவர்களை நாம் கூப்பிடுவதில்லை. போய் எடுத்துவந்த காட்சியில் தலைவரின் கண்டன உரையை முழுதாக வைத்துக்கொண்டு, பாதிக்கப்பட்ட அம்மா பேசியதை ஒரு நிமிடமாகக் குறைக்கச் சொல்கிறவர்களும் நாம்தான். இந்தக் குற்றத்தில் எங்கள் மன்றத்துக்கும் பங்குண்டு. நாங்களே அப்படிச் சொல்லியிருக்கிறோம்.

அந்த முடிக்காத படத்தின் ஹை-8 கேசட்டுகள் மன்ற அலுவலக அலமாரியில், ஒரு துணிப்பையில் இருக்கின்றன. மேலே பால்பாயிண்ட் பேனாவில் எழுதிய ஊர்ப்பெயர்கள் மங்கிவிட்டன. இரண்டில் பூஞ்சை பிடித்திருக்கிறது. ஒன்றில் ஒரு மூதாட்டி, வேட்புமனு தாக்கல் செய்யப் போன தன் மகனை யார் யார் வழிமறித்தார்கள் என்று பெயர் சொல்லி, நிறுத்தாமல் பேசுகிறார். நாற்பது நிமிடம் இருக்கும் என்று நினைவு. அவர் இப்போது இல்லை. அதை ஓட்டிப் பார்க்க வேலை செய்கிற ஹை-8 கேமராவோ டெக்கோ மதுரையில் இதுவரை எங்களுக்குக் கிடைக்கவில்லை. யார் வீட்டுப் பரணிலாவது, எந்த ஸ்டுடியோக்காரர் பெட்டியிலாவது ஒன்று கிடந்தால், கூட்டம் முடிந்ததும் எங்களிடம் சொல்லுங்கள். கேசட் பையோடு நாங்களே வருகிறோம்.